கண்ணாடிச் சட்டத்துக்குள் ஒரு அப்பா

ரேய்னா கிராண்டேயின் நாவல்களைவிட 2012இல் வந்த 'தி டிஸ்டன்ஸ் பிட்வீன் அஸ்' என்ற நினைவுக்குறிப்புதான் எனக்கு ஒரு படி மேல். மெக்சிகோவின் இகுவாலாவில் 1975இல் பிறந்தவர். வீடு கட்டக் காசு சேர்க்க அப்பா அமெரிக்கா போகிறார், அப்புறம் அம்மாவும் கிளம்பிவிட, பிள்ளைகள் மூன்று பேரும் அப்பாவைப் பெற்ற பாட்டியிடம். அந்தப் பாட்டிக்கு இவர்கள் பாரம்தான், செல்லமெல்லாம் இன்னொரு பேத்திக்கு. அப்பா என்பது கண்ணாடி போட்ட ஒரு போட்டோ, அவ்வளவுதான். சின்னவள் ரேய்னா அதோடு பேசிக்கொண்டிருப்பாள்.

1985இல், ஒன்பது வயதில், மூன்றாவது முயற்சியில் எல்லையைத் தாண்டி அப்பாவிடம் போய்ச் சேர்ந்தால், அவர் குடிக்கிறார், அடிக்கிறார். ஆனால் படிப்பு விஷயத்தில் விடாப்பிடியாக நிற்பவரும் அதே ஆள்தான். இரண்டையும் சமாதானம் செய்து வைக்காமல் அப்படியே எழுதியிருக்கிறார் பாருங்கள், அதுதான் பிடித்தது.

2006இல் வந்த முதல் நாவல் 'அக்ராஸ் எ ஹண்ட்ரட் மவுண்டன்ஸ்', அமெரிக்கன் புக் அவார்ட் வாங்கியது. அதிலும் பிழைக்கப் போன அப்பாவைத் தேடி ஒரு பெண் கிளம்புகிறாள். நல்ல நாவல்தான், தற்செயல்கள் மட்டும் கொஞ்சம் அதிகம். நினைவுக்குறிப்பை முதலில் படித்துவிட்டு அதற்கு வாருங்கள்.