சௌராஸ்தா மாடியில் இரும்புக்கை மாயாவி

பினாங்கில் சௌராஸ்தா சந்தைக்குப் போகிறவர்கள் பெரும்பாலும் கீழே ஊறவைத்த ஜாதிக்காய், மாங்காய் என்று வாங்கிக்கொண்டு திரும்பிவிடுவார்கள். நான் நேரே மாடி ஏறினேன். அங்கேதான் பழைய புத்தகக் கடைகள் இருக்கின்றன. காமிக்ஸ் எங்கிருந்து எப்படி வந்தது என்று தேடுவதே பல வருடங்களாக என் வேலை.

"தமிழ்ல சித்திரக்கதை ஏதாச்சும் இருக்கா பாய்?"

"உட்காருங்க தம்பி" என்றவர், மலாய்ப் பாடநூல் அடுக்குக்குப் பின்னாலிருந்து ஒரு பிஸ்கட் டின்னை எடுத்துத் திறந்தார். முத்து காமிக்ஸ். இரும்புக்கை மாயாவி! தாள் தேநீர் நிறத்துக்கு மாறியிருந்தது. ஸ்டேபிள் பின் துருப்பிடித்து, நடுப்பக்கத்தில் இரண்டு பழுப்புக் கறைகள். அந்தக் காலத்தில் சென்னைக்கும் பினாங்குக்கும் ஓடிய சிதம்பரம் கப்பலில் வந்த யாரோ படித்துவிட்டு பாயின் அத்தாவிடம் போட்டுவிட்டுப் போனதாம்.

இந்த மாயாவி பிறந்தது லண்டனில், 1962இல், வேலியண்ட் என்ற சிறுவர் வார இதழில். படம் வரைந்தவர் ஸ்பெயின்காரரான ஹெசூஸ் பிளாஸ்கோ. 1972இல் சிவகாசியில் முத்து காமிக்ஸ் தொடங்கியபோது முதல் இதழே இவர்தான். ஆங்கிலத்தில் இந்தத் தொடரின் பெயர் 'ஸ்டீல் க்ளா'. வெறும் எஃகு நகம், அவ்வளவுதான். மின்சாரம் பாய்ந்ததும் உடல் மறைந்து கை மட்டும் தெரியும் என்ற விஷயமே அந்தப் பெயரில் இல்லை. தமிழில்தான் 'மாயாவி' சேர்ந்தது. வாலி குகைக்குள் துரத்திக்கொண்டு போன அசுரனின் பெயர் மாயாவி. மேகத்துக்குள் மறைந்து நின்று அம்பு விட்ட இந்திரஜித்தின் கதையும் நம் பாட்டிகள் சொன்னதுதான். மறைகிறவனுக்கு நம்மிடம் ஏற்கெனவே பெயர் இருந்தது. அதனால்தான் லண்டன் ஆள் ஒரே நாளில் நம்ம வீட்டு ஆள் ஆனார் என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

இதைச் சொன்னதும் பாய் சிரித்தார். "இங்க மலாய்க்காரங்க ஓராங் புனியான்னு சொல்வாங்க தம்பி. காட்டுல இருப்பாங்களாம். ஆளு தெரியாது, சத்தம் மட்டும் கேக்குமாம். புன்யின்னாலே சத்தம்தானே?"

எனக்குச் சிலிர்த்துவிட்டது. அங்கே சத்தம் மட்டும், இங்கே கை மட்டும். முழுதாக மறைந்துபோகிறவனை வைத்துக் கதை சொல்ல முடியாது; கேட்பவன் பிடித்துக்கொள்ள ஏதாவது ஒன்று மிஞ்ச வேண்டும். காட்டுக் கதை சொன்னவர்களுக்கும் லண்டனில் காமிக்ஸ் எழுதியவர்களுக்கும் அது தெரிந்திருக்கிறது.

என்ன விலை என்று கேட்டேன். விற்பதற்கில்லை என்றார். அப்புறம் கடைசிப் பக்கத்தைத் திருப்பிக் காட்டினார். நாலு பக்கம் கிழிந்து போயிருந்தது. பத்து வயதிலிருந்து முடிவு தெரியாமலே அந்தப் புத்தகத்தை வைத்திருக்கிறார். என் வீட்டில் முழுப் பிரதி இருக்கிறது. அங்கேயே முக்காலியில் உட்கார்ந்து மீதிக் கதையைச் சொன்னேன். இரண்டு வாடிக்கையாளர்களைக் கையமர்த்தி நிறுத்திவிட்டுக் கேட்டார்.

"படம் எப்படி இருக்கும்?" என்றார். அதை வாயால் சொல்ல முடியவில்லை. சென்னை போனதும் நாலு பக்கத்தையும் நகலெடுத்து அனுப்புகிறேன் என்று முகவரி வாங்கிக்கொண்டேன்.