மண்ணுக்குள் கெட்ட கம்பி: வெர்னர் சீமென்ஸ் தொழில் கற்ற இடம்

கேபிள் பழுது பார்க்கிறவர்களிடம் ஜெர்மன் பொறியாளர் வெர்னர் சீமென்ஸைப் பற்றிப் பேசும்போது டைனமோவில் தொடங்கக் கூடாது. 1866-ல் வந்த டைனமோ அவருக்குப் புகழ் தந்தது. தொழிலைக் கற்றுக்கொடுத்தது, அதற்குப் பல ஆண்டுகள் முன்பே மண்ணுக்குள் கெட்டுப்போன தந்திக் கம்பிதான்.

1816-ல் ஹானோவர் அருகே லெந்தெ என்ற ஊரில், குத்தகை விவசாயி வீட்டில் பிறந்தவர். காசு கட்டிப் பொறியியல் படிக்க வழியில்லை. அதனால் பிரஷ்ய நாட்டுப் பீரங்கிப் படையில் சேர்ந்து, 1835 முதல் மூன்று ஆண்டுகள் பெர்லினில் படையின் பொறியியல் பள்ளியிலேயே படித்தார். 1839-லும் 1840-லும் தாயும் தந்தையும் அடுத்தடுத்து இறக்க, தம்பி தங்கைகளின் பொறுப்பு தலையில் விழுந்தது. லெப்டினன்ட் சம்பளம் அதற்குப் போதாது. கண்டுபிடித்து விற்பது அவருக்குப் பொழுதுபோக்கு அல்ல, வீட்டுச் செலவு.

1847-ல் லண்டனிலிருந்த தம்பி வில்ஹெல்ம் அனுப்பிய கட்டாபெர்ச்சாத் துண்டுதான் திருப்பம். மலாய்க் காட்டு மரத்தின் பால் உறைந்து வருவது அது. வெந்நீரில் இளகும், ஆறினால் இறுகும், தண்ணீரை உள்ளே விடாது. தகடாகத் தட்டிக் கம்பியின் இருபுறமும் ஒட்டினால், ஒட்டிய விளிம்பு நாளாவட்டத்தில் பிரிந்து ஈரம் ஏறிவிடும். சீமென்ஸ் செய்த அழுத்துப்பொறியை நம்மவர்களுக்குப் புரியவைக்க இடியாப்ப உரலைச் சொன்னால் போதும். சூடான கட்டாபெர்ச்சாவை மேலிருந்து அழுத்த, அச்சின் நடுவே கம்பி ஓட, இணைப்பே இல்லாத உறை கம்பியைச் சுற்றி வழிந்து வெளிவரும். இன்றைய கேபிள் ஆலையில் பி.வி.சி. பூசும் இயந்திரமும் அடிப்படையில் இதே வேலையைத்தான் செய்கிறது.

அதே ஆண்டு அக்டோபரில், கருவி செய்வதில் கைதேர்ந்த ஹால்ஸ்கேயுடன் சேர்ந்து பட்டறை தொடங்கினார். முதலுக்கு உறவினர் ஒருவர் 6,842 தாலர் (அன்றைய பிரஷ்ய நாணயம்) கொடுத்தார். ராணுவ உடை 1849 வரை உடம்பில்தான் இருந்தது.

முதல் பெரிய வேலை பெர்லின்–ஃபிராங்ஃபர்ட் தந்தித் தடம், சுமார் 500 கிலோமீட்டர். ஐசனாக் வரை நிலத்தடி, அதற்கப்பால் கம்பங்கள். 1849 மார்ச் 28-ல் ஃபிராங்ஃபர்ட் நாடாளுமன்றம் பேரரசரைத் தேர்ந்தெடுத்த செய்தி ஒரு மணி நேரத்தில் பெர்லின் வந்தது. ஊரே வியந்தது. அதன் பிறகுதான் பழுதுகள் வரிசை கட்டின.

கம்பங்களின் மேல் போன பகுதியில் செம்புக் கம்பிகளை முறுக்கி மட்டும் சேர்த்திருந்தார்கள். காற்றடித்தால் தொடர்பு தளரும், கருவி தடுமாறும். ஈயப்பற்று வைத்த பிறகே சரியானது. நிலத்தடியிலோ கம்பியை ஒன்றரை முதல் இரண்டடி ஆழத்தில், இரும்புக் கவசம் இல்லாமல் புதைத்திருந்தார்கள். செலவைக் குறைத்ததன் விளைவு இது. எலிகள் உறையைக் கடித்தன. அதைவிட மோசமானது கந்தகம். கட்டாபெர்ச்சா கெட்டியாகட்டும் என்று கலந்த கந்தகம் செம்போடு சேர்ந்து செம்பு சல்ஃபைடானது. கம்பியை ஒட்டியிருந்த உள்படலம் மின்சாரத்தைக் கடத்தத் தொடங்கியது. வெளியே பார்த்தால் உறையில் ஒரு கீறல்கூட இருக்காது.

இன்னொன்று பழுதே அல்ல, இயற்பியல். நடுவே செம்பு, வெளியே ஈரமண், இடையே உறை. ஆக மொத்தக் கேபிளும் ஒரு நீண்ட லெய்டன் ஜாடி, அதாவது மின்சாரத்தைத் தேக்கி வைக்கும் கலம். தந்திச் சாவியை அழுத்தினால் மின்சாரம் முதலில் கேபிளை நிரப்பும், விட்டால் திரும்பி வழியும், குறிகள் குழம்பும். இதைக் கண்டு விளக்கிய முதல் சிலரில் அவர் ஒருவர்.

பழுதின் காரணங்களை 1851-ல் வெளிப்படையாக எழுதினார். பிரஷ்யத் தந்தித் துறை பல ஆண்டுகளுக்கு வேலை கொடுப்பதை நிறுத்தியது. எழுதாமல் இருந்திருந்தால் ஆர்டர் நிலைத்திருக்கலாம். ஆனாலும் அவர் செய்ததே சரி என்பேன்.

அடுத்து அவர் மனதைப் பிடித்தது, தோண்டாமல் பழுதின் இடத்தை அறிவது. கணக்கு எளிது. முழுக் கம்பியின் மின்தடை 100 என்று வைப்போம். பழுதோடு ஒரு முனையிலிருந்து அளந்தால் 70, மறுமுனையிலிருந்து 50. இரண்டிலும் பழுதின் சொந்தத் தடை ஒளிந்திருக்கிறது. 100-உடன் 70-க்கும் 50-க்கும் உள்ள வித்தியாசம் 20-ஐக் கூட்டி, பாதியாக்கினால் 60. முதல் முனையிலிருந்து நூற்றுக்கு அறுபது பங்கு தூரத்தில் தோண்டலாம். ஒரு முனை அளவை மட்டும் நம்பினால் பத்துப் பங்கு தள்ளித் தோண்டுவோம். இரண்டு அளவுகளுக்கு இடையே பழுது காய்ந்தாலோ நனைந்தாலோ கணக்கு தவறும். அதனால் அடுத்தடுத்து, பலமுறை அளக்க வேண்டும்.

அளக்க அளவுகோல் வேண்டுமே! ஒரே நீளம், ஒரே பருமன் என்றாலும் செம்பின் தூய்மைக்கு ஏற்பத் தடை மாறும். 1860-ல் பாதரசத்தை அளவுகோலாக எடுத்தார்: ஒரு மீட்டர் நீளம், ஒரு சதுர மில்லிமீட்டர் குறுக்குப் பரப்பு, பூஜ்ஜியம் டிகிரி செல்சியஸ். தூய்மைப்படுத்துவது எளிது, எந்த ஊரிலும் மறுபடி உண்டாக்கலாம். அதன் தடை, இன்றைய மின்தடை அலகான ஓமுக்குச் சற்றே குறைவு.

இந்தப் பாடங்களோடுதான் லண்டன்–கல்கத்தா தந்தித் தடத்துக்கு வந்தார்கள். சுமார் 11,000 கிலோமீட்டர் தடத்தில் தெஹ்ரான் வரையிலான பகுதி சீமென்ஸ் சகோதரர்களின் பொறுப்பு. 1870 ஏப்ரல் 12-ல் லண்டன் செய்தி 28 நிமிடத்தில் கல்கத்தா சேர்ந்தது. தரையில் பெரும்பாலும் கம்பங்கள். கருங்கடலோரத்தில் கடலடிக் கேபிள். அதே ஆண்டு நிலநடுக்கத்தில் அந்தக் கேபிள் சிதைந்தது. அங்கேயும் கரையோடு கம்பம் நட்டார்கள்.