எட்டாகப் பிரிந்த மேற்கு ஆப்பிரிக்கா

ஆப்பிரிக்க நாடுகளின் எல்லைகளைப் பற்றிப் பேச்சு வரும்போதெல்லாம், 1884-85 பெர்லின் மாநாட்டில் ஐரோப்பியர்கள் அளவுகோலை வைத்துக் கோடு கிழித்தார்கள் என்பதோடு கதையை முடித்துவிடுகிறோம். பிரெஞ்சு ஆட்சியில் இருந்த மேற்கு ஆப்பிரிக்காவுக்கு இந்த விளக்கம் போதாது என்று நினைக்கிறேன். இன்று செனகல், மாலி, கினி, ஐவரி கோஸ்ட், பெனின், புர்கினா பாசோ, நைஜர், மொரிட்டானியா என்று எட்டு நாடுகளாக இருக்கும் நிலப்பரப்பு, 1895-இல் தொடங்கப்பட்ட ‘பிரெஞ்சு மேற்கு ஆப்பிரிக்கா’ என்ற ஒரே கூட்டாட்சி நிர்வாகத்தின் கீழ்ப் படிப்படியாகக் கொண்டுவரப்பட்டு, 1902 முதல் செனகலின் டாக்கர் நகரிலிருந்து ஆளப்பட்டது. அதன் பரப்பு ஏறத்தாழ 47 லட்சம் சதுர கிலோமீட்டர். இந்தியாவைப் போல ஏறக்குறைய ஒன்றரை மடங்கு. உள்ளே இருந்த எல்லைகள் ஆட்சியாளர்களின் வசதிக்காக வரையப்பட்ட நிர்வாகக் கோடுகள். அவை நாட்டெல்லைகளாக இறுகிப்போனது ஆட்சியின் கடைசி நான்கு ஆண்டுகளில்தான்.

அந்தக் கோடுகளை எவ்வளவு எளிதாக அழிக்கவும் மீண்டும் வரையவும் முடிந்தது என்பதற்கு, இன்றைய புர்கினா பாசோவான அப்பர் வோல்டாவே சான்று. 1919-இல் தனிக் குடியேற்ற நாடாக உருவாக்கப்பட்ட அது, 1932-இல் ஓர் ஆணையால் கலைக்கப்பட்டு, ஐவரி கோஸ்ட், பிரெஞ்சு சூடான் (இன்றைய மாலி), நைஜர் ஆகிய மூன்றுக்கும் பங்கிடப்பட்டது. ஐவரி கோஸ்ட்டின் தோட்டங்களுக்கும், நைஜர் ஆற்றுப் பாசனத் திட்டத்துக்கும் கூலியாட்கள் தேவைப்பட்டார்கள். அப்பர் வோல்டாவில் மோசி இன மக்கள் வாழும், மக்கள்தொகை மிகுந்த பகுதியை அவற்றோடு சேர்த்துவிட்டால் ஆட்களைக் கட்டாய வேலைக்கு அனுப்புவது சுலபம். 1947-இல் மோசி அரசரின் வற்புறுத்தலாலும், ஐவரி கோஸ்ட்டின் அபிஜான் நகரில் வளர்ந்துவந்த, அந்நாட்டுத் தலைவர் ஹூஃபுவே புவானியின் கட்சியைப் பலவீனப்படுத்தும் நோக்கத்தாலும், பாரிஸ் அதே நாட்டை மீண்டும் உண்டாக்கியது. பதினைந்து ஆண்டுகள் வரைபடத்திலேயே இல்லாத ஒரு நாடு அது.

இதே காலத்தில் மக்களின் அரசியலோ இந்தக் கோடுகளைத் தாண்டி வளர்ந்துகொண்டிருந்தது. 1945-க்குப் பிறகு ஆப்பிரிக்கத் தலைவர்கள் பிரெஞ்சு நாடாளுமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டுச் சென்றார்கள் (நம் புதுச்சேரியும் அப்படி ஓர் உறுப்பினரைப் பாரிசுக்கு அனுப்பியது). 1946 ஏப்ரலில் கட்டாய உழைப்பு ஒழிக்கப்பட்டது. மே மாதத்தில் குடியேற்ற நாடுகளின் மக்கள் அனைவருக்கும் குடியுரிமை வழங்கும் சட்டம் வந்தது. அக்டோபரில் பல பிரதேசங்களின் தலைவர்கள் பிரெஞ்சு சூடானின் பமாக்கோ நகரில் கூடி ஒரே கட்சியைத் தொடங்கினார்கள். மறு ஆண்டு அக்டோபரில், ஏறக்குறைய 20,000 ரயில்வே தொழிலாளர்கள், வெள்ளையர் கறுப்பர் என்ற வேறுபாடு இல்லாத ஒரே பணிநிலை கேட்டு வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். செனகல், சூடான், கினி, ஐவரி கோஸ்ட், தகோமே (இன்றைய பெனின்) என்று கூட்டாட்சி முழுவதிலும் தண்டவாளங்கள் ஓய்ந்தன. ஐவரி கோஸ்ட் தொழிலாளர்கள் ஜனவரியில் வேலைக்குத் திரும்பினாலும், மற்றவர்கள் 1948 மார்ச் வரை தாக்குப்பிடித்தார்கள். அந்த வட்டாரத்துக்கு ஒரு பொதுவான குடிமைச் சமூகம் உருவாகிவந்தது என்பதற்கு இதைவிட வலுவான ஆதாரம் எனக்குத் தெரியவில்லை.

இத்தகைய கோரிக்கைகளுக்கு விலை உண்டு என்பதைப் பாரிஸ் விரைவில் புரிந்துகொண்டது. குடிமக்கள் என்றால் பிரான்சில் உள்ளவர்களுக்கு இணையான ஊதியமும் சலுகையும் கேட்பார்கள். 1956 ஜூன் 23 அன்று நிறைவேற்றப்பட்ட அடிப்படைச் சட்டம், எல்லோருக்கும் வாக்குரிமை தந்தது. ஆனால் அதிகாரத்தையும் வரவுசெலவுப் பொறுப்பையும் டாக்கரில் இருந்த கூட்டாட்சிக்குத் தராமல் தனித்தனிப் பிரதேசங்களின் சபைகளுக்குத் தந்தது. செனகல் தலைவர் செங்கோர், இது பால்கன் நாடுகளைப் போல ஆப்பிரிக்காவைத் துண்டாடுவது என்று எதிர்த்தார். காப்பியும் கோகோவும் விற்று ஈட்டிய வருவாய் டாக்கருக்குப் போவதை விரும்பாத ஹூஃபுவே புவானியோ, அப்போது பிரெஞ்சு அமைச்சரவையில் இருந்தபடி அதை ஆதரித்தார். பிரதேசங்களில் அமைச்சர் பதவிகளும் வரிப்பணமும் வந்துவிட்ட பிறகு, அவற்றை ஒரு பொது அரசுக்கு விட்டுக்கொடுக்க எவருக்கும் மனம் வராது. கூட்டாட்சியின் வேர் அறுந்தது அந்த ஆண்டில்தான் என்பது என் தீர்மானமான எண்ணம்.

பிரான்சின் புதிய கூட்டமைப்பில் சேர்வதா என்று கேட்ட 1958 செப்டம்பர் 28 வாக்கெடுப்பில், செக்கு தூரே தலைமையிலான கினி மட்டும் ‘வேண்டாம்’ என்று வாக்களித்து, நான்கே நாட்களில் விடுதலை பெற்றது. பிரான்ஸ் தன் அலுவலர்களையும் உதவியையும் திரும்பப் பெற்று அந்த நாட்டைத் தண்டித்தது.

எஞ்சிய பிரதேசங்களில் நான்கு ஒரே கூட்டாட்சியாக ஒன்றுசேர 1959 ஜனவரியில் டாக்கரில் முயன்றன. தகோமேயும் அப்பர் வோல்டாவும் சில வாரங்களில் விலகிவிட, செனகலும் சூடானும் மட்டும் ‘மாலி கூட்டாட்சி’ என்ற பெயரில் இணைந்து 1960 ஜூன் 20 அன்று விடுதலை அடைந்தன. இரண்டு மாதங்கள்தான் நீடித்தது. சூடானின் மொடிபோ கெய்ட்டா வலுவான மைய அரசும் சோஷலிசப் பொருளாதாரமும் வேண்டினார். செனகல் தலைவர்களுக்கு, தங்களைவிட மக்கள்தொகை மிகுந்த சூடானிடம் சிக்கிவிடுவோமோ என்ற அச்சம். குடியரசுத் தலைவர் பதவி யாருக்கு, படைத் தலைவர் யார் என்ற சச்சரவுகளில் அந்த அச்சம் முற்றியது. ஆகஸ்ட் 19 இரவு, கூட்டாட்சி அரசின் தலைவராக இருந்த கெய்ட்டா, செனகலைச் சேர்ந்த பாதுகாப்பு அமைச்சர் மமடூ தியாவைப் பதவிநீக்கி நெருக்கடி நிலை அறிவித்தார். செனகலின் காவற்படை அவரையே சுற்றிவளைத்தது. நள்ளிரவு கடந்து கூடிய செனகல் சபை, பிரிந்துவிட்டதாக அறிவித்தது. கெய்ட்டா ரயிலில் ஏற்றப்பட்டு பமாக்கோவுக்கு அனுப்பப்பட்டார். மாலி என்ற பெயரைச் சூடான் தனக்கு வைத்துக்கொண்டு, எல்லையை மூடி, 1963 வரை அந்த ரயில் பாதையையும் துண்டித்துவைத்தது. கடலே இல்லாத அந்நாடு தன் சரக்குகளை அபிஜான் துறைமுகம் வழியாகச் சுற்றிக் கொண்டுவர வேண்டியதாயிற்று. செங்கோர், கெய்ட்டா இருவருமே ஒற்றுமையை உளமார விரும்பியவர்கள் என்பதால் இந்த முறிவு என்னை மிகவும் வருத்துகிறது.

1964-இல் கெய்ரோவில் கூடிய ஆப்பிரிக்க ஒற்றுமை அமைப்பு, விடுதலையின்போது இருந்த எல்லைகளே இனி நிலையானவை என்று தீர்மானித்தது. ஒவ்வோர் எல்லையையும் கிளறினால் போர்தான் மிஞ்சும் என்ற அச்சத்தில் எடுத்த முடிவு அது. குறைசொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஆனாலும் 1985 டிசம்பர் 25 அன்று மாலியும் புர்கினா பாசோவும் அகாஷர் என்ற வறண்ட நிலப்பட்டைக்காகப் போரிட்டன. தி ஹேக் நகரில் உள்ள சர்வதேச நீதிமன்றம் 1986 டிசம்பர் 22 அன்று தீர்ப்பு வழங்கியபோது, அதற்குச் சட்ட ஆதாரமாக இருந்தது 1932 செப்டம்பர் 5-இல் இருந்தபடியே அப்பர் வோல்டாவின் எல்லைகளை மீட்டுத்தந்த 1947-ஆம் ஆண்டு பிரெஞ்சுச் சட்டமே. பழைய நிர்வாக ஆணைகளும் பிரெஞ்சு நில அளவை வரைபடங்களும் எட்டாத ஓரிடத்தில், சூம் என்ற நீர்நிலையில், நீதிபதிகள் நியாயத்தை மட்டுமே கருதி அதைச் சரிபாதியாகப் பிரித்து இரு நாடுகளுக்கும் கொடுத்தார்கள்.