ஆப்பியா சாலையின் அடியில்: ரோம் நகரின் முதல் கிறிஸ்தவர்களின் கல்லறைகள்

ரோமுக்குப் போகும் நம் ஊர்த் திருப்பயணக் குழுக்கள் நான்கு பெரிய பேராலயங்களைப் பார்ப்பார்கள், திருத்தந்தையின் புதன்கிழமைச் சந்திப்பில் கலந்துகொள்வார்கள், மிச்சமிருக்கும் அரை நாளில் நிலத்தடிக் கல்லறைகளை எட்டிப் பார்த்துவிட்டுப் பேருந்தில் ஏறிவிடுவார்கள். எங்களோடு வந்த அருள்தந்தை அதற்கு ஒத்துக்கொள்ளவில்லை. "செபஸ்தியார், செசிலியம்மாள், லாரன்ஸ் என்று பிள்ளைகளுக்குப் பெயர் வைக்கிறோம். அவர்களை அடக்கம் செய்த இடத்துக்கு நடந்து போகக் கூடாதா?" என்று கேட்டார். சரி, நடந்தோம்.

நகரின் பழைய மதிலைத் தாண்டி ஆப்பியா சாலையில் போனால் முதலில் வருவது 'தொமினே குவோ வாதிஸ்' ('ஆண்டவரே, எங்கே போகிறீர்?') சிற்றாலயம். துன்புறுத்தலுக்குப் பயந்து ஊரை விட்டு ஓடிய பேதுருவுக்கு எதிரே ஆண்டவர் வந்தார் என்று மரபு சொல்லும் இடம். இந்தப் பகுதியில் சாலை குறுகல், நடைபாதை கிடையாது, கார்கள் உரசிக்கொண்டு போகின்றன. சிற்றாலயத்தின் அருகிலேயே கலிஸ்து கல்லறை வளாகத்துக்குள் போகும் தனி வழி பிரிகிறது. இருபுறமும் மரங்கள், வயல்வெளி. செபமாலை சொல்லிக்கொண்டு போக அதுதான் தோது.

கலிஸ்து கல்லறையைப் பராமரிப்பவர்கள் சலேசிய சபையினர். எங்களுக்கு வழிகாட்டியாக வந்தவரும் அந்தச் சபையின் குருதான், நம் நாட்டுக்காரர். குழுவில் வேறு நாட்டவர்களும் இருந்ததால் ஆங்கிலத்தில் பேசினார். நடுநடுவே எங்கள் பக்கம் திரும்பித் தமிழில், "அம்மா, தலையைப் பார்த்து, கூரை தாழ்வு" என்பார்.

படியிறங்கும் முன்பே ஒரு விஷயத்தைத் தெளிவாகச் சொல்லிவிட்டார். இது ஒளிந்து வாழ்ந்த இடமல்ல. கிறிஸ்தவர்கள் இங்கே பதுங்கியிருந்தார்கள் என்பது சினிமா கொடுத்த கதை. ரோமானியச் சட்டப்படி நகர எல்லைக்குள் யாரையும் புதைக்கக் கூடாது, அதனால்தான் எல்லாச் சமயத்தாரின் கல்லறைகளும் மதிலுக்கு வெளியே சாலையோரங்களில் இருக்கின்றன. இந்த இடம் அரசுக்கு நன்றாகவே தெரியும். 257-இல் பேரரசர் வலேரியன் கிறிஸ்தவர்கள் தங்கள் கல்லறைகளுக்குப் போகக் கூடாது என்று ஆணை போட்டார். மறு ஆண்டு, 258 ஆகஸ்ட் 6 அன்று, திருத்தந்தை இரண்டாம் சிக்ஸ்துவைப் படைவீரர்கள் கல்லறையில் வைத்தே பிடித்துத் தலையை வெட்டினார்கள். அவருடைய திருத்தொண்டரான லாரன்ஸ் நான்கு நாள் கழித்து வேதசாட்சியானார். தெரியாத இடமாக இருந்தால் தேடி வந்திருக்க முடியுமா?

உள்ளே இறங்கியதும் குளிர் முகத்தில் அடிக்கிறது. சுவரெல்லாம் எரிமலைச் சாம்பல் இறுகி உண்டான மென்பாறை. வெட்டும்போது மென்மையாக இருக்கும், காற்றுப் பட்டால் இறுகிவிடும். இதை வெட்டுவதற்கென்றே தனித் தொழிலாளர்கள் இருந்தார்கள். நான்கு அடுக்கு, ஏறக்குறைய 20 கிலோமீட்டர் நீளச் சுரங்கப் பாதைகள். நாங்கள் நடந்தது அதில் ஒரு மூலைதான். இரண்டு பக்கச் சுவரிலும் ரயில் பெட்டியின் படுக்கைகள்போல ஒன்றன்மேல் ஒன்றாகக் குழிகள். உடலைத் துணியில் சுற்றிக் கிடத்தி, பளிங்குப் பலகையோ ஓடோ வைத்துச் சாந்து பூசி மூடுவார்கள். எழுத்து வெட்ட வசதியில்லாதவர்கள் ஈரச் சாந்தில் ஒரு காசையோ கண்ணாடித் துண்டையோ விளக்கையோ பதித்து அடையாளம் வைத்தார்கள். இத்தனை குழிகளுக்கு நடுவே அதுதான் அவர்களுக்கு விலாசம். ஒரு முழத்துக்கும் சற்று மேலான குழிகள் ஏராளம். எல்லாம் குழந்தைகள். எங்கள் குழுப் பெண்கள் அந்த இடத்தில் நகரவே இல்லை.

திருத்தந்தையரின் அறை சிறியதுதான். மூன்றாம் நூற்றாண்டுத் திருத்தந்தையர் ஒன்பது பேரை இங்கே அடக்கம் செய்தார்கள். பொன்தியன், அந்தேருஸ், பாபியன், லூசியுஸ், யூதிக்கியன் என்று ஐந்து பெயர்களைக் கிரேக்க எழுத்தில் கற்பலகைத் துண்டுகளில் இன்றும் வாசிக்கலாம். 1854-இல் ஜொவான்னி பத்திஸ்தா தெ ரோஸ்ஸி என்ற தொல்லியல் அறிஞர் மண்மூடிக் கிடந்த இந்த அறையைக் கண்டுபிடித்தார். நான்காம் நூற்றாண்டில் திருத்தந்தை தமாசு இங்கே ஒரு கவிதையைப் பளிங்கில் வெட்டி வைத்திருக்கிறார். இங்கேயே என்னையும் அடக்கம் செய்ய ஆசைதான், ஆனால் புனிதர்களின் சாம்பலைத் தொந்தரவு செய்யப் பயமாக இருக்கிறது என்கிறார் அதில். திருத்தந்தை பேசும் பேச்சா இது! சொன்னபடியே அவர் வேறிடத்தில்தான் அடக்கமானார். இந்தக் கல்லறைக்குப் பெயர் தந்த கலிஸ்துவும் இங்கே இல்லை. அடிமையாக இருந்து, பிறகு திருத்தொண்டராக இந்த இடத்தை நிர்வகித்து, கடைசியில் திருத்தந்தையான அவரை அடக்கம் செய்தது நகரின் வேறொரு பக்கத்தில், அவுரேலியா சாலையில்.

அடுத்த அறை செசிலியம்மாளுடையது. அந்த வெண்பளிங்குச் சிலையைப் படத்தில் பார்த்திருப்பீர்கள். ஒருக்களித்துக் கிடக்கும் பெண், துணி மூடிய தலை, கழுத்தில் வெட்டுக்காயம். ஒரு கையில் மூன்று விரலும் மறு கையில் ஒரு விரலும் நீட்டியிருக்கின்றன: மூவொரு கடவுள் மீதான விசுவாச அறிக்கை. இது நகல். ஸ்தேபனோ மதெர்னோ வடித்த மூலச் சிலை நகருக்குள் திராஸ்தேவரே பகுதியில் செசிலியம்மாள் பெயரில் உள்ள ஆலயத்தில் இருக்கிறது. திருத்தந்தை முதலாம் பாஸ்கால் 821-இல் அவருடைய திருப்பண்டங்களை, அதாவது உடல் எச்சங்களை, அங்கே கொண்டுபோய்விட்டார். அந்தக் காலத்தில் படையெடுப்புகளும் கொள்ளையும் அதிகம். மதிலுக்கு வெளியே கிடந்த புனிதர்களை ஒவ்வொருவராக ஊருக்குள் தூக்கிப் போனார்கள். அப்புறம் இந்த இடமே மறந்துபோனது.

எங்களில் ஒரு பெரியவருக்கு இது ஏமாற்றம். "இவ்வளவு தூரம் வந்தும் வெறும் குழிதானா, ஃபாதர்?" என்றார். "உங்கள் ஊர் சாந்தோமில் தோமையார் கல்லறையும் அப்படித்தானே, ஐயா? அங்கே முழங்கால் போடுவதில்லையா?" என்று வழிகாட்டிக் குரு திருப்பிக் கேட்டார். நியாயம்தான். தோமையாரின் எலும்புகள் மயிலாப்பூரிலிருந்து, இன்றைய துருக்கியில் உள்ள எதேசாவுக்குப் போனதாக மரபு. பின்னர் கிரேக்கத்தின் கியோஸ் தீவுக்குப் போய், 1258-இல் அங்கிருந்து இத்தாலியின் ஒர்த்தோனாவுக்கு வந்தன. கல்லறை மட்டும் நம்மிடம் இருக்கிறது. என்னைக் கேட்டால், பெயர்பெற்றவர்கள் போனபின் மிஞ்சும் குழிகளுக்குத்தான் இங்கே முழங்கால் போட வேண்டும். செசிலியம்மாளுக்கு ஊர்ஊராகக் கோயில் இருக்கிறது. சாந்தில் காசு பதித்தவரின் பிள்ளைக்கு யார் பூசை கொடுப்பார்கள்? எங்கள் அருள்தந்தை அன்று கீழே இருந்த சிற்றறையில் நிறைவேற்றிய திருப்பலியை அவர்களுக்காகவே ஒப்புக்கொடுத்தார். குழுவாகப் போகிறவர்கள் முன்பே கேட்டால் இப்படித் திருப்பலிக்கு இடம் தருகிறார்கள்.

அங்கிருந்து நடக்கும் தூரத்தில் செபஸ்தியார் ஆலயம். அவருடைய கல்லறைக்கு மேல் அம்பு பாய்ந்த நிலையில் பளிங்குச் சிலை படுத்திருக்கிறது. எதிரே உள்ள திருப்பண்டச் சிற்றாலயத்தில் அம்பு ஒன்றையும், ஆண்டவரின் பாதம் பதிந்ததாக மக்கள் வணங்கும் கல்லையும் வைத்திருக்கிறார்கள். முதலில் பார்த்த சிற்றாலயத்தில் இருப்பது இந்தக் கல்லின் நகல். ஆனால் நான் அதிக நேரம் நின்றது கீழே, ஒரு பழைய சுவரின் முன்னால். மூன்றாம் நூற்றாண்டில் இங்கே பேதுருவையும் பவுலையும் சேர்த்து வணங்கினார்கள். வந்த திருப்பயணிகள் சுவரில் கீறி வைத்த வேண்டுதல்கள் நூற்றுக்கணக்கில் இருக்கின்றன. "பவுலே, பேதுருவே, விக்தருக்காக வேண்டிக்கொள்ளுங்கள்" என்று ஒருவர் எழுதியிருக்கிறார். தோமியுஸ் கெலியுஸ் என்பவர், அப்போஸ்தலர் நினைவாக இங்கே விருந்து வைத்தேன் என்று பதிந்திருக்கிறார். இறந்தவர்களின் நினைவாகக் கல்லறைப் பக்கத்திலேயே கூடி உண்பது அன்றைய வழக்கம். நவம்பர் 2 அன்று குடும்பத்தோடு போய்க் கல்லறையைக் கழுவி, பூப்போட்டு, மெழுகுதிரி ஏற்றிவிட்டு அங்கேயே உட்கார்ந்து ஊர்க்கதை பேசும் நமக்கு இதை யாரும் விளக்க வேண்டியதில்லை. பதினாறாம் நூற்றாண்டில், மற்ற கல்லறைகளை உலகம் மறந்திருந்த காலத்தில், புனித பிலிப்பு நேரி இரவுகளில் இங்கே வந்துதான் செபித்தார். அவர் மறுபடி உயிர்கொடுத்த ஏழு ஆலயக் கால்நடைப் பயணத்தில் இந்த ஆலயமும் ஒன்று.

வத்திக்கானில் பேதுரு பேராலயத்துக்கு அடியில் இருக்கும் கல்லறைத் தெரு வேறு மாதிரி. அங்கே பெரும்பாலும் வசதியான ரோமானியக் குடும்பங்களின் செங்கல் மண்டபங்கள். நடுவில் சிவப்புச் சுவரை ஒட்டி, பேதுருவின் நினைவாக இரண்டாம் நூற்றாண்டில் எழுப்பிய சிறு நினைவுச்சின்னம். 1940-இல் தொடங்கிய அகழ்வாய்வில் அது வெளிப்பட்டது. பக்கத்துச் சுவரின் குழியிலிருந்து எடுத்த எலும்புகள் பேதுருவுடையவை என்று நம்பத் தக்க வகையில் அடையாளம் காணப்பட்டதாகத் திருத்தந்தை ஆறாம் பவுல் 1968-இல் அறிவித்தார். அறிஞர்கள் எல்லாரும் ஒத்துக்கொள்ளவில்லை, அதனால் என் விசுவாசத்துக்கு ஒன்றும் குறைந்துவிடவில்லை. சிறு குழுக்களாக மட்டுமே அனுமதிக்கிறார்கள். வத்திக்கான் அகழ்வாய்வு அலுவலகத்துக்கு வெகு முன்னதாகவே எழுதிக் கேட்க வேண்டும்.

போக நினைப்பவர்களுக்குச் சில வார்த்தை. கலிஸ்து புதன்கிழமை மூடியிருக்கும், கோடையிலும் ஒரு சால்வை கொண்டுபோங்கள், உள்ளே படம் எடுக்க முடியாது. மூச்சுத் திணறலோ முட்டிவலியோ உள்ளவர்கள் படியேறுவதை யோசித்துக்கொள்ளுங்கள். இன்னொரு பாதி நாள் கிடைத்தால் நகரின் வடக்கே சலாரியா சாலையில் உள்ள பிரிஸ்கில்லா கல்லறைக்குப் போங்கள். பெனடிக்ட் சபை அருட்சகோதரிகள் பார்த்துக்கொள்கிறார்கள், திங்கட்கிழமை விடுமுறை. குழந்தையை மடியில் ஏந்திய மாதா, பக்கத்தில் விண்மீனைச் சுட்டிக்காட்டும் இறைவாக்கினர் என்று அங்கே ஓர் ஓவியம் உண்டு. இதுவரை தெரிந்த மாதா ஓவியங்களிலேயே மிகப் பழையதாகச் சொல்லப்படுவது. மாதாவுக்காகவே வேளாங்கண்ணிக்குக் கால்நடையாகப் போகும் நம் மக்கள், வழியில் இல்லை என்ற ஒரே காரணத்துக்காக இதைப் பயணத் திட்டத்தில் சேர்ப்பதில்லை. உங்கள் பயண ஏற்பாட்டாளரிடம் விடாமல் கேளுங்கள்.