ஊதுவது 5 விநாடி, காத்திருப்பது 15 நிமிடம்

குடிபோதைச் சோதனையில் நிற்கும் எவருக்கும் சீக்கிரமே ஒன்று புரிந்துவிடும். திரையில் வரும் எண்ணைக் கருவி மட்டும் தருவதில்லை. வண்டியை எங்கே நிறுத்தினோம், யார் கையில் என்ன தடவியிருந்தது, ஊதியவர் கடைசியாக எப்போது எதை வாயில் வைத்தார், நாம் எத்தனை நிமிடம் பொறுத்தோம் என எல்லாம் சேர்ந்துதான் அந்த எண். இந்தப் பணிக்குப் புதிதாக வருபவர்களுக்காகவும், 'ஊதுங்க' என்று சொன்னதும் என்ன நடக்கிறது என்று தெரிந்துகொள்ள நினைக்கும் ஓட்டுநர்களுக்காகவும், மாலை தொடங்கி மறுநாள் காலை வரை நாங்கள் செய்வதை எழுதுகிறோம்.

கிளம்பும் முன் கருவி. சாலையில் பயன்படும் நல்ல பிரீத் அனலைசர்களில் இருப்பது எரிபொருள் மின்கல சென்சார். மூச்சோடு வரும் ஆல்கஹால் பிளாட்டின மின்முனையில் ஆக்சிஜனேற்றம் அடைந்து அசிட்டிக் அமிலமாகிறது. அப்போது உண்டாகும் மின்னோட்டமே எண்ணாக மாறுகிறது. மலிவாக விற்கும் குறைகடத்தி சென்சார் கருவிகள் வேறு ரகம். சிகரெட் புகைக்கும், கட்டுப்பாட்டில் இல்லாத சர்க்கரை நோயாளியின் மூச்சில் வரும் அசிட்டோனுக்கும்கூட அவை எகிறும். அப்படி ஒன்றைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, 'எல்லைக்குள்தான் இருக்கிறேன்' என்று வண்டியை எடுப்பவர்கள் உண்டு. எங்கள் பார்வையில், கருவியே இல்லாமல் இருப்பதைவிட அது ஆபத்து.

காலிபரேஷன் தேதியைப் பார்க்க வேண்டும். 6 மாதம் அல்லது 12 மாதத்துக்கு ஒருமுறை என்று தயாரிப்பாளர் குறித்திருப்பார். அளவு தெரிந்த ஆல்கஹால் ஆவியைக் கருவிக்குக் கொடுத்துச் சரிபார்ப்பதுதான் காலிபரேஷன். சிலிண்டர் வாயுவாலும் செய்யலாம், சூடேற்றிய கரைசலாலும் செய்யலாம். கரைசல் என்றால் அது சரியாக 34 டிகிரி செல்சியஸில் இருக்க வேண்டும். வெளியேறும் மூச்சின் வெப்பநிலை ஏறக்குறைய அதுதான். ஒரு டிகிரி மாறினால் ஆவியின் அளவு 6 முதல் 7 சதவீதம் மாறிவிடும். சிலிண்டர் என்றால் காற்றழுத்தத்தைக் கணக்கில் எடுக்க வேண்டும். மலைப்பகுதியில் திருத்தம் செய்யாமல் சரிபார்த்த கருவி அங்கேயே தவறத் தொடங்கிவிடும்.

அடுத்தது கருவியின் கடிகாரம். சின்ன விஷயம்போலத் தெரியும், வழக்குகள் சரிவது பெரும்பாலும் இங்கேதான். கருவி 11:40 என்று அச்சிட்டு, நோட்டுப் புத்தகத்தில் 11:22 என்று இருந்தால் அதன்பிறகு எந்த எண்ணையும் யாரும் நம்ப வேண்டியதில்லை. தேதி, நேரம், பேட்டரி, அச்சுத்தாள், ஒவ்வொருவருக்கும் புதிய ஊதுகுழாய் ஆகியவற்றைக் கிளம்பும் முன்பே பார்த்துவிடுகிறோம். குளிரான இரவில் கருவியைப் பானட்டில் வைக்காமல் உடலோடு ஒட்டி வைத்துக்கொள்வது நல்லது. சென்சார் குளிர்ந்தால் மந்தமாகிவிடும்.

ஒரு தவறு எல்லாக் குழுவிலும் ஒருமுறையாவது நடக்கும். கைக்கு சானிடைசர் தடவிக்கொண்டு உடனே ஊதுகுழாயை மாட்டுவது. சானிடைசரே ஆல்கஹால்தான். ஈரம் காயாத விரல் அருகில் இருந்தால் சொட்டுக்கூடக் குடிக்காதவருக்கும் எண் வரும். சோப்பு போட்டுக் கழுவலாம், அல்லது கையுறையை மாற்றலாம்.

இடம் தேர்வதில் இரண்டு தேவைகள் ஒன்றோடொன்று மோதும். தூரத்திலிருந்தே தெரிய வேண்டும், தெரிந்தபின் திரும்பி ஓட குறுக்குத்தெரு இருக்கக்கூடாது. வளைவு முடிந்த உடனே நிறுத்துவது மறைவுக்கு வசதி, உயிருக்கு ஆபத்து. மணிக்கு 80 கிலோமீட்டர் வேகத்தில் வரும் வண்டி விநாடிக்கு 22 மீட்டர் கடக்கிறது. போதையில் பிரேக்கை மிதிக்க அரை விநாடி தாமதமானால் கூடுதலாக 11 மீட்டர். நாங்கள் பிடிக்க நினைக்கும் ஆள்தான் எங்கள்மேல் ஏற்றக்கூடிய ஆளும். அதனால் எச்சரிக்கைப் பலகையும் சுழல்விளக்கும் வெகு முன்னாலேயே இருக்கும். கோன்களை ஒரேயடியாகக் குறுக்கே வைக்காமல் சாய்வாக அடுக்கி வழியை மெல்லக் குறுக்குவோம். ஒளிரும் மேலாடை இல்லாமல் யாரும் சாலையில் இறங்கக்கூடாது. நிறுத்திய வண்டிக்கும் ஓடும் வண்டிக்கும் நடுவில் ஆள் நிற்கவே கூடாது.

யாரை நிறுத்துவது? எல்லோரையும், அல்லது ஐந்தில் ஒன்று என்று முன்கூட்டியே முடிவு செய்த கணக்கில். முகத்தையும் வண்டியையும் பார்த்து நிறுத்தத் தொடங்கினால் வேலை கெட்டது. பழகிய குடிகாரர் நேராக நிற்பார், தெளிவாகப் பேசுவார், ஆனால் 100 மில்லி ரத்தத்தில் 100 மி.கி. ஆல்கஹாலைத் தாண்டியிருப்பார். மூக்கை நம்பினாலும் அப்படித்தான், வாசம் அளவைச் சொல்லாது. வரிசை நீண்டு பின்னால் போக்குவரத்து தேங்கினால் எல்லோரையும் அனுப்பிவிட்டுப் புதிதாகத் தொடங்குவோம். அந்த இடைவெளியில் ஒருவர் தப்பிவிடுவார் என்ற கவலை வேண்டாம். சோதனையின் பலன் பிடிபட்டவர் எண்ணிக்கையில் இல்லை. ஆஸ்திரேலியாவின் நியூ சவுத் வேல்ஸில் 1982 டிசம்பரில் யாரை வேண்டுமானாலும் நிறுத்தி ஊதச் சொல்லும் முறை வந்தது. சாலை மரணங்கள் கணிசமாகக் குறைந்தன. கோனையும் விளக்கையும் கடந்து போன நூறு பேர் அடுத்த முறை குடிக்கும் முன் சாவியை வேறொருவரிடம் கொடுத்ததே அதற்குக் காரணம். பல ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்ததில், இத்தகைய சோதனைகள் மதுவோடு தொடர்புடைய விபத்துகளை ஏறத்தாழ 20 சதவீதம் குறைக்கின்றன என்று தெரிந்தது. ஒரே இடத்தில் இரவு முழுக்க நிற்காமல் ஓரிரு மணி நேரத்தில் இடம் மாறுவது இதனால்தான். நாங்கள் நிற்பது ஊருக்குத் தெரியலாம், எங்கே நிற்கிறோம் என்பது தெரியக்கூடாது.

முதல் ஊதலுக்குக் குழாயே தேவையில்லை. கருவியின் முன்னால் பேசினாலோ லேசாக ஊதினாலோ 'இருக்கு, இல்லை' என்று மட்டும் சொல்லும். இதை வண்டிக்குள் கைநீட்டிச் செய்யக்கூடாது. பின்சீட்டில் மூன்று பேர் குடித்துவிட்டு உட்கார்ந்திருந்தால் ஓட்டுநர் பாவம், காருக்குள் இருக்கும் காற்றே காட்டிக்கொடுத்துவிடும். என்ஜினை நிறுத்தி, சாவியை எடுத்து, ஓட்டுநரை வெளியே வரச்சொல்லி, திறந்த வெளியில் செய்ய வேண்டும்.

'இருக்கு' என்று வந்தால் கடிகாரம் ஓடத் தொடங்குகிறது. 15 நிமிடம். கருவி அளக்க வேண்டியது நுரையீரலின் ஆழத்திலிருந்து வரும் மூச்சை. இப்போதுதான் குடித்தவர், மவுத்வாஷால் கொப்பளித்தவர், ஆல்கஹால் கலந்த இருமல் மருந்து சாப்பிட்டவர் ஆகியோரின் வாய் ஈரத்திலேயே ஆல்கஹால் ஒட்டிக்கொண்டிருக்கும். அந்த நிலையில் ஊதினால் ரத்தத்தில் இல்லாத அளவு திரையில் வரும். 15 நிமிடத்தில் அது போய்விடும். இந்த நேரத்தில் சாப்பிடக்கூடாது, குடிக்கக்கூடாது, புகைக்கக்கூடாது. தண்ணீர் கேட்டால் கடிகாரம் தொடங்கும் முன்பே கொடுத்துவிடுகிறோம். ஏப்பத்தோடு வயிற்றில் இருப்பது மேலே வந்தாலோ வாந்தி எடுத்தாலோ மறுபடி முதலிலிருந்து 15 நிமிடம். இதற்காக ஒருவர் அவரையே பார்த்துக்கொண்டிருக்க வேண்டும், செல்போனைப் பார்த்துக்கொண்டு அல்ல. தொடங்கிய நேரம், முடிந்த நேரம் இரண்டையும் எழுத வேண்டும்.

பிறகு வெறும் காற்றை இழுத்துக் கருவி பூஜ்யம் காட்டுகிறதா என்று பார்த்துவிட்டு, புதிய குழாயை மாட்டி ஊதச் சொல்கிறோம். பலூன் ஊதுவதுபோல் வெடுக்கென்று வேண்டாம். மெழுகுவர்த்தியை அணைக்காமல் ஆட்டுவதுபோல் நிதானமாக, நீளமாக, நாங்கள் நிறுத்தச் சொல்லும்வரை. ஒரு லிட்டருக்கு மேல் மூச்சு தொடர்ந்து வந்தால்தான் ஆழ்மூச்சு கருவிக்குக் கிடைக்கும். கன்னத்தை உப்பிக்கொண்டு ஊதாமல் இருப்பது, குழாயின் ஓரத்தில் விடுவது, ஊதுவதற்குப் பதில் உறிஞ்சுவது எல்லாவற்றுக்கும் கருவி பிழை என்றே காட்டும். ஆஸ்துமா உள்ளவர், முதியவர் உண்மையிலேயே ஊத முடியாமல் திணறலாம். அவரை மிரட்டாமல் ரத்தப் பரிசோதனைக்கு அனுப்ப வேண்டும்.

ஏமாற்ற நினைப்பவர்கள் செய்வது பெரும்பாலும் வீண். புதினா மிட்டாய், வெங்காயம், காபி எல்லாம் வாசத்தை மாற்றும், ஆல்கஹாலை மாற்றாது. வாயில் நாணயத்தை அடக்கினாலும் அதே கதைதான். மூச்சை வேகவேகமாக இழுத்துவிட்டால் எண் 10 சதவீதம்போலக் குறையும், உண்மை. அரை நிமிடம் மூச்சை அடக்கினால் 15 சதவீதம்போலக் கூடும், அதுவும் உண்மை. பதற்றத்தில் மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்பவருக்கு அநியாயம் நடக்காமலிருக்க, சாதாரணமாக மூச்சு விடச்சொல்லி ஒரு நிமிடம் கழித்துத்தான் குழாயைத் தருகிறோம். இரண்டு முறை ஊதவைத்து ஒப்பிடுவது நல்ல வழக்கம். பிரிட்டனில் இரண்டில் குறைந்த அளவையே கணக்கில் எடுக்கிறார்கள்.

எண் வந்ததும் முதலில் அலகைப் பாருங்கள். 2,100 மில்லி ஆழ்மூச்சில் இருக்கும் ஆல்கஹால், 1 மில்லி ரத்தத்தில் இருப்பதற்குச் சமம் என்ற கணக்கில் பெரும்பாலான கருவிகள் இயங்குகின்றன. அதன்படி 100 மில்லி ரத்தத்தில் 30 மி.கி. என்பதும், 0.03 சதவீதம் என்பதும், ஒரு லிட்டர் மூச்சில் 0.14 மி.கி. என்பதும் ஒன்றுதான். லிட்டர் அலகில் வந்த 0.14-ஐ சதவீதம் என்று வாசித்தால் எல்லையில் நிற்பவரை ஐந்து மடங்கு போதையில் இருப்பவராக்கிவிடுவோம். சட்ட எல்லையும் நாட்டுக்கு நாடு வேறு. சுவீடனில் 20, இந்தியாவில் 30, பல ஐரோப்பிய நாடுகளில் 50, இங்கிலாந்தில் 80 மி.கி. முதன்முதலில் 1936-இல் நார்வே சட்டத்தில் எழுதியது 50.

'கொஞ்சம்தான் குடித்தேன்' என்பதற்கும் கணக்கு இருக்கிறது. 40 சதவீத மது 60 மில்லியில் சுத்தமான ஆல்கஹால் சுமார் 19 கிராம். 70 கிலோ எடையுள்ள ஆணுக்கு அது ஏறத்தாழ 40 மி.கி. வரை கொண்டுபோகும், 60 கிலோ எடையுள்ள பெண்ணுக்கு 57 மி.கி.யை நெருங்கும். குடித்து முடித்த அரை மணியிலிருந்து ஒன்றரை மணி நேரத்துக்குள்தான் உச்சம் வரும். 'இப்போதுதான் முடித்தேன், இரண்டு கிலோமீட்டர்தான், அதற்குள் ஏறாது' என்பவருக்கு எண் இனிமேல்தான் ஏறப்போகிறது. 'நிதானமாகத்தானே இருக்கிறேன்' என்பதும் சாட்சியாகாது. பிரீத் அனலைசரை 1954-இல் உருவாக்கிய ராபர்ட் போர்கென்ஸ்டைன், அமெரிக்காவின் கிராண்ட் ராபிட்ஸ் நகரில் விபத்தில் சிக்கிய ஓட்டுநர்களையும் சிக்காதவர்களையும் ஒப்பிட்டு 1964-இல் வெளியிட்ட ஆய்வில், 80 மி.கி.க்கு மேல் ஆபத்து செங்குத்தாக ஏறியது. அதே அமெரிக்காவில் 2022-ஆம் ஆண்டில் மட்டும், குடித்த ஓட்டுநர் சம்பந்தப்பட்ட விபத்துகளில் 13,524 பேர் இறந்தார்கள். அந்த நாட்டுச் சாலை மரணங்களில் மூன்றில் ஒரு பங்குக்கு அருகில்.

எண்ணும் ஆளும் பொருந்தாதபோதுதான் கூடுதல் கவனம் வேண்டும். நாக்கு குழறுகிறது, தள்ளாடுகிறார், கருவி பூஜ்யம் காட்டுகிறது என்றால் ரத்தச் சர்க்கரை இறங்கியிருக்கலாம், பக்கவாதம் தொடங்கியிருக்கலாம், தலையில் அடிபட்டிருக்கலாம். ஆம்புலன்ஸை அழைக்க வேண்டும். வேறு போதைப்பொருளாகவும் இருக்கலாம், அது இந்தக் கருவிக்குத் தெரியாது. எண் அதிகமாக வந்தாலும் தலைக்காயம் இல்லை என்று ஆகிவிடாது. 'குடித்துவிட்டுத் தூங்குகிறார்' என்று ஓரமாகப் படுக்கவைத்தவர் விடிவதற்குள் இறப்பது இப்படித்தான்.

ரத்தம் எடுக்கப் போனால் மருத்துவமனையில் கவனிக்க வேண்டியவை சில. ஊசி குத்தும் இடத்தை ஸ்பிரிட் பஞ்சால் துடைக்கக்கூடாது, ஆல்கஹால் இல்லாத கிருமிநாசினி வேண்டும். சாம்பல்நிற மூடி போட்ட குழாயில் எடுக்க வேண்டும். அதிலுள்ள சோடியம் ஃபுளோரைடு, ரத்தம் குழாயிலேயே புளித்து ஆல்கஹால் உண்டாவதைத் தடுக்கும். மருந்து கலக்கும்படி குழாயை எட்டுப் பத்து முறை மெதுவாகக் கவிழ்த்து நிமிர்த்தி, முத்திரையிட்டு, குளிர்பெட்டியில் வைத்து, யார் கையிலிருந்து யார் கைக்குப் போனது என்று நேரத்தோடு எழுத வேண்டும். சிகிச்சைக்காக மருத்துவமனை எடுத்த சீரம் (ரத்த அணுக்களை நீக்கிய திரவம்) அளவை அப்படியே பயன்படுத்த முடியாது. சீரத்தில் நீர்ச்சத்து அதிகம், அதனால் முழு ரத்தத்தைவிட 10 முதல் 20 சதவீதம் கூடுதலாகக் காட்டும்.

திரும்பத் திரும்பப் பிடிபடுபவர்களுக்கு அபராதம் பெரிதாக உறைப்பதில்லை. பல நாடுகள் அவர்கள் வண்டியிலேயே பூட்டுக்கருவி பொருத்துகின்றன. ஊதிச் சுத்தமாக இருந்தால்தான் என்ஜின் கிளம்பும், ஓடும்போதும் இடையிடையே ஊதச் சொல்லும். அது இருக்கும்வரை மறுகுற்றம் மூன்றில் இரண்டு பங்கு குறைகிறது. கழற்றியதும் பழைய நிலை திரும்பிவிடுகிறது. வண்டியைக் கட்டிப்போட்டோம், குடியைத் தொடவில்லை. சிகிச்சையோடு சேர்க்காவிட்டால் இது வாடகைக்கு எடுத்த நிதானம்தான்.

கடைசியில் சாவி. குடிக்காத ஒருவர் வந்தால் அவரையும் ஊதவைத்துவிட்டே கொடுக்கிறோம். கூட வந்த நண்பர் 'நான் ஓட்டுகிறேன்' என்று முன்வருவார், பல நேரம் அவர் எண் இன்னும் பெரிதாக இருக்கும். யாரும் இல்லையென்றால் வண்டி அங்கேயே நிற்கும், ஆளை வேறு வண்டியில் அனுப்புகிறோம். சாவி வாங்க அவர் காலையில் வருவார். குளித்திருப்பார், காபி குடித்திருப்பார், தெளிவாகவும் இருப்பார். ஆனால் உடல் மணிக்கு 15 மி.கி. என்ற வேகத்தில்தான் ஆல்கஹாலைக் கழிக்கிறது, குளியலோ தூக்கமோ அதை வேகப்படுத்தாது. நள்ளிரவில் 150 மி.கி. இருந்தவர் 30-க்கு வர காலை 8 மணி ஆகும், பூஜ்யத்துக்கு வர 10 மணி. ஏழு மணிக்கே வந்து நிற்பவரை மறுபடி ஊதச் சொல்கிறோம். எண் இறங்கவில்லையென்றால் சாவி இன்னும் எங்களிடம்தான்.