மழையில ஊறின அழிவுலகம்

உலகம் அழிஞ்சதுக்கு அப்புறம்னு கம்ப்யூட்டர்ல யார் 3D கேரக்டர் செஞ்சாலும் பாலைவனம், காவித் தூசி, எல்லா ஓரத்துலயும் ஒரே மாதிரி பெயிண்ட் உரிஞ்ச இரும்பு, அவ்ளோதான். நம்ம ரங்கூன்ல வருஷத்துக்கு 2500 மில்லிமீட்டருக்கு மேல மழை கொட்டுது, இங்க ஒரு சாமானை அப்படியே போட்டுட்டுப் போனா அது பாலைவனமா ஆகுமா, பாசியும் கரும்பூஞ்சையும்தான் ஏறும்.

அதனால இப்ப நான் 3D-ல செய்யறது ஒரு பழைய சைக்கா, நம்ம ஊரு சைக்கிள் ரிக்‌ஷா. முதுகோட முதுகா ரெண்டு பேர் உக்காருவாங்களே அதேதான். சப்ஸ்டன்ஸ் பெயிண்டர்ல (3D மாடலுக்கு பெயிண்ட் அடிக்கிற சாஃப்ட்வேர்) ஓரத்தையெல்லாம் தானா கண்டுபிடிக்கிற கர்வேச்சர் மாஸ்க் போட்டா ஒரு க்ளிக்ல ஓரமெல்லாம் தேஞ்சுடும், பாக்க ஜோரா இருக்கும், ஆனா பொய். ஹேண்டில்ல கை பட்டுப் பட்டு தேஞ்ச இடம் வழவழன்னு இருக்கணும், அங்க ரஃப்னெஸ் (சொரசொரப்பு அளவு) கம்மி. துரு பிடிக்கிறது வேற இடம், தண்ணி தேங்கற இடம்: சீட்டுக்கு அடியில, வெல்டிங் ஜாயின்ட்ல, ஸ்க்ரூவைச் சுத்தி. அங்கேர்ந்து கீழ வழிஞ்சு கோடு கோடா இறங்கும். துரு இரும்பை விட அதிக இடம் எடுத்துக்கும், அதனாலதான் பெயிண்ட் கொப்புளிச்சு வெடிக்குது, ஹைட்ல (மேடு பள்ளத்துக்கான அளவு) அதைக் காட்டலன்னா வெறும் ஆரஞ்சு கறைதான். இன்னொண்ணு, துருவுக்கு மெட்டாலிக் (உலோகமா இல்லையான்னு சொல்ற அளவு) 0 வைங்க, அது உலோகம் இல்ல. தகரம்னா முதல்ல மேல்பூச்சு துத்தநாகம் வெள்ளையா பூக்கும், சிவப்பு அப்புறம்தான்.

சைக்கா ஓட்டற அக்காவுக்கு கன்னத்துல தனாக்கா, அந்த மரப்பட்டை அரைச்ச சாந்து, பூசியிருக்கேன் (அழிஞ்ச உலகத்துலயும் வெயில் அடிக்கும்ல). அது காஞ்சதும் சிரிப்பு மடிப்புல வெடிக்கும், வேர்வை வழிஞ்ச பாதையில கரையும், மத்த இடத்துல திட்டா நிக்கும். சட்டை தோள்பட்டையில வெளுத்திருக்கு, ஆனா பை வார் கிடந்த இடம் மட்டும் பழைய கலர்லயே இருக்கும். லுங்கி கரையில சேறு, அதுக்கு பொசிஷன் மேப் (எந்த இடம் எவ்ளோ உயரத்துல இருக்குன்னு சொல்றது) போதும், மேல கொஞ்சம் கையாலயும் தெளிச்சு விட்டேன், இல்லன்னா ஸ்கேல் வச்சு கோடு போட்ட மாதிரி ஆயிடுது.

பேக்கிங் (மாடல்லேர்ந்து இந்த மேப்பெல்லாம் கணக்குப் போட்டு எடுக்கறது) எல்லாம் 2048 பிக்சல்லதான், அதுக்கு மேல போனா முடியறதுக்குள்ள கரண்ட் போயிடும்.

இப்ப மிச்சம் ஈரம். துணி, மரம், செங்கல் தண்ணி குடிச்சா பேஸ் கலரை இருட்டாக்கி ரஃப்னெஸ்ஸைக் குறைக்கணும், வெறும் உலோகத்துக்கு கலரைத் தொடவே வேணாம், அது தண்ணி குடிக்காது.