ஓட்டை போட்ட வெண்கலப் பலகையும் என் கதையோட காலண்டரும்

ரெண்டு வருஷமா மண்டைக்குள்ள ஒரு உலகம் ஓடிட்டு இருக்கு, ஒரு கற்பனைக் கதைக்காக. அதுல ஒரு பழைய பலகை வரும், அந்த ஊரோட காலம் மொத்தமும் அதுல பொறிச்சிருக்கும், ஆனா யாராலயும் முழுசா படிக்க முடியாது. மேப் வரைஞ்சாச்சு, ஆறு மலைக்கெல்லாம் பேர் வெச்சாச்சு, இந்தப் பலகைன்னு வந்தா மட்டும் ஒரு வட்டம், நடுவுல சூரியன், சுத்தி பன்னெண்டு கட்டம், அதுக்கு மேல ஒண்ணும் ஓடல. நிஜத்துல யாராவது இப்படி செஞ்சு வெச்சிருக்காங்களான்னு தேடப் போய்தான் கொலினி காலண்டர் மாட்டுச்சு.

பிரான்ஸ்ல லியோனுக்கு வடகிழக்க இருக்கற ஊர் கொலினி. 1897 நவம்பர்ல அங்க மண்ணுக்குள்ள இருந்து ஒரு தெய்வச் சிலையோட துண்டுகளும், கூடவே எழுத்து பொறிச்ச வெண்கலத் துண்டுகள் 150 போலவும் கிடைச்சுது. எல்லாத்தையும் சேத்து வெச்சுப் பாத்தா 1.48 மீட்டர் நீளம், 0.9 மீட்டர் உயரத்துல ஒரு பலகை, அதுலயும் பாதி கூட மிஞ்சல. கிபி 2ம் நூற்றாண்டு. எழுத்து ரோமன், மொழி மட்டும் கவுலிஷ், அதாவது ரோமானியர் வர்றதுக்கு முன்னாடியிருந்தே அந்த மண்ணுல பேசின மொழி. இப்ப லியோன் லுக்துனும் மியூசியத்துல இருக்கு.

பதினாறு பத்தி, அஞ்சு வருஷம், 62 மாசம். பன்னெண்டு மாசமா அஞ்சு வருஷம்னா 60 தானே, மீதி ரெண்டும் நிலாவுக்காக. பன்னெண்டு பிறை மாசம் சேந்தா 354 நாள் சொச்சம், சூரியனை விட வருஷத்துக்கு 11 நாள் பின்தங்கும், அஞ்சு வருஷத்துல 54 நாள் ஆயிரும், அதை ஈடு கட்ட 30 மாசத்துக்கு ஒரு மாசம் சேத்துட்டாங்க. சேத்த மாசம் ஒவ்வொண்ணும் பலகையில ரெண்டு மாசத்தோட இடத்தை எடுத்துக்குது.

இதைப் படிக்கும்போதே எங்கேயோ பாத்த கணக்கா இருக்கேன்னு தோணுச்சு. நம்ம பழைய வானியல் நூலான வேதாங்க ஜோதிடத்துல யுகம்னு சொல்றது இதே அஞ்சு வருஷம், இதே 62 பிறை மாசம், 1830 நாள், அங்கயும் 30 மாசத்துக்கு ஒரு அதிக மாசம்! ஒருத்தர்கிட்ட ஒருத்தர் கத்துக்கிட்டாங்கன்னு நான் சொல்ல வரல, நிலாவையும் சூரியனையும் ஒரே கயித்துல கட்டப் பாக்கறவங்க யாரா இருந்தாலும் இந்த நம்பர் பக்கத்துல வந்து நிப்பாங்கன்னுதான் தோணுது.

ஆனா என்னைப் பிடிச்சு உக்கார வெச்சது கணக்கு இல்ல, ஓட்டை. ஒவ்வொரு நாளுக்கும் நேரா ஒரு சின்ன ஓட்டை இருக்கு. ஒரு குச்சியை சொருகி வெச்சு, அடுத்த நாள் எடுத்து அடுத்த ஓட்டைல வெக்கணும். அப்ப இந்த வெண்கலத்து முன்னாடி ஒருத்தர் தெனமும் வந்து நின்னிருக்காரு, மழைன்னாலும் காய்ச்சல்னாலும், ஏன்னா ஒரு நாள் விட்டா கணக்கு போச்சு. நான் வரைஞ்ச வட்டத்துல அப்படி ஒரு ஆளே இல்ல, அதான் அது வெறும் படமா கெடந்துச்சு.

அப்புறம் மாசத்துக்கு குணம் உண்டு. 30 நாள் மாசம்னா 'மத்', அதாவது நல்லதுன்னு அர்த்தம் சொல்றாங்க, 29 நாள்னா 'அன்மத்', நல்லது இல்லாதது. இதுல எக்வோஸ்னு ஒரு மாசம் மட்டும் 30 நாள் இருந்தும் அன்மத்! இந்த மாதிரி ஒரு பிசிறு எனக்கெல்லாம் உக்காந்து யோசிச்சாலும் வராது. மாசத்துக்கு நடுவுல 'அதெனூக்ஸ்'னு ஒரு வார்த்தை, அதுக்கப்புறம் மறுபடி ஒண்ணுல இருந்து எண்ணுறாங்க, நம்ம வளர்பிறை தேய்பிறை திதி எண்ணுற மாதிரியேதான். அந்த வார்த்தையில இருக்கற 'நூக்ஸ்' ராத்திரிங்கறாங்க. கவுல் மக்கள் காலத்தை பகலால எண்ணாம ராத்திரியால எண்ணுவாங்கன்னு ஜூலியஸ் சீசரும் எழுதி வெச்சிருக்காரு.

முதல் மாசம் ஸமோனியோஸ், அதுல 'ஸமோனோட மூணு ராத்திரி'ன்னு ஒரு குறிப்பு இருக்கு. 'ஸம்'னா கோடை, ஆனா அயர்லாந்துல அதே மாதிரி பேர் இருக்கற சவ்வின் (Samhain)ங்கற பண்டிகை குளிர் தொடங்கும்போது வருது, அப்ப இந்த மாசம் கோடையா குளிரான்னு அறிஞர்கள் இன்னும் சண்டை போட்டுட்டு இருக்காங்க. இதை என் கதையில அப்படியே எடுத்துக்கப் போறேன், வருஷம் எங்க ஆரம்பிக்குதுன்னே ரெண்டு ஊர் அடிச்சுக்கும்.

இப்ப கிராஃப் பேப்பர்ல புதுசா வரையறேன், வட்டம் போயாச்சு, நீளமா பத்தி பத்தியா. என் உலகத்துக்கு ரெண்டு நிலா இருக்கறதால ஒரு நாளுக்கு ரெண்டு ஓட்டை வேணும், குச்சியை நகத்துறது ஒரே ஆளா ரெண்டு ஆளாங்கறதுல நாலு நாளா நிக்கறேன், ரெண்டு பேருன்னா அவங்களுக்குள்ள பேச்சுவார்த்தை இருக்கக் கூடாதுன்னு தோணுது.